மரிசெல் அன்ரியின் முழுப் பெயர்

ஒன்பது வயதில் நான் ஒரு பெண்ணின் முழுப் பெயரையும் எழுத்தெழுத்தாகக் காட்டிக்கொடுத்தேன். அதற்காக என்னை ஒருவரும் அடிக்கவில்லை. இரண்டு அடி விழுந்திருந்தால் அந்த நாளை இதற்குள் மறந்திருப்பேன்.

அது யூலை மாதம். பள்ளிக்கூடம் விடுமுறை. பாரிஸில் ரூ து ஃபொபூர் சென் தெனித் தெருவின் மேல் முனையில், ஒரு நகைக்கடைக்கும் மரக்கறிக்கடைக்கும் நடுவிலிருந்த வாசலால் ஏறினால் நான்காம் மாடியில் எங்கள் வீடு. ஓர் அறை, ஒரு குசினி, குளியலறை. அம்மா பெரிய ஹோட்டல் ஒன்றில் அறை துப்புரவு செய்யும் வேலை பார்த்தார். ஒரு வெள்ளிக்கிழமை பின்னேரம் அவர் வேலையால் வந்தபோது, தன்னுடைய மாற்றுச் சீருடையை அணிந்த இன்னொரு பெண்ணையும் கூட்டிக்கொண்டு வந்தார். அந்தப் பெண்ணின் கால்களில் சப்பாத்து இல்லை. அறைகளில் விருந்தினருக்கு வைக்கும் வெள்ளைத் துணிச் செருப்பு இருந்தது. எங்கள் லா ஷப்பல் பகுதியின் மீன்கடைத் தண்ணீரிலெல்லாம் மிதித்து அது கறுத்துப்போயிருந்தது.

வளைகுடா நாடொன்றிலிருந்து விடுமுறைக்கு வந்து அந்த ஹோட்டலில் நான்கு அறைகள் எடுத்திருந்த ஒரு பணக்காரக் குடும்பத்தின் வேலைக்காரி அவர்; பிலிப்பீன் நாட்டவர். பிள்ளைகளின் குளியலறைத் தரையில் படுக்கை. நடைபாதையில் வைக்கும் தட்டுகளில் மிஞ்சியது சாப்பாடு. பாஸ்போர்ட் முதலாளியின் இரும்புப் பெட்டிக்குள். அம்மாவிடம் அவர் ஒரேயொரு கேள்விதான் கேட்டாராம், எந்தக் கதவால் போனால் தெரு வரும் என்று. அம்மா தன் மாற்றுச் சீருடையைக் கொடுத்து, இரண்டு கைகளிலும் அழுக்குத்துணிப் பைகளைத் தூக்கவைத்து, வேலையாட்கள் போகும் வாசலால் வெளியே கொண்டுவந்துவிட்டார்.

அப்பா சாப்பாட்டுக்கடைக் குசினியில் வேலை செய்தார். மத்தியானச் சாப்பாட்டுக்கும் இரவுச் சாப்பாட்டுக்கும் இடையில் வீட்டுக்கு வருவார். அன்றும் வந்தார். கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தவரைப் பார்த்தார். பிறகு அம்மாவைப் பார்த்தார்.

"உமக்கு என்ன விசரே?" என்றார். "என்ரை விசாக் கார்ட் புதுப்பிக்கக் குடுத்துப் பிரிபெக்ச்சரிலை கிடக்கு. கையிலை ஒரு துண்டுதான் இருக்கு. இந்த நேரத்திலை காகிதம் இல்லாத ஒருத்தியை வீட்டிலை வைச்சிருக்கிறது பிடிபட்டால் என்ன நடக்கும் எண்டு தெரியுமே?"

"ரெண்டு கிழமைதான்," என்றார் அம்மா. "அந்தக் குடும்பம் திரும்பிப் போகுமட்டும்."

பிறகு எனக்குச் சட்டங்கள் சொல்லப்பட்டன. கதவு தட்டினால் திறக்கப்படாது. வீட்டில் ஒருவரும் இல்லை என்றும் சொல்லப்படாது; சொன்னால் நான் இருப்பது தெரிந்துவிடும். யாராவது அந்த அன்ரியைக் கண்டுவிட்டால், கொழும்பிலிருந்து வந்த மலாய்க்காரப் பெண், அப்பாவின் சினேகிதருடைய மனைவி என்று சொல்ல வேண்டும். மலாய் என்றால் என்ன என்று எனக்குத் தெரியாது. ஆனாலும் கண்ணாடிக்கு முன்னால் நின்று பலமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டேன்.

பகல் முழுவதும் வீட்டில் நாங்கள் இருவர் மட்டும். அவருக்கு ஆங்கிலம் தெரியும். எனக்கு, கோடைக்குக் கோடை வந்துபோகும் லண்டன் மச்சாள்மார் விட்டுப்போன கொஞ்சம் ஆங்கிலம். முதல் இரண்டு நாளும் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தோம். மூன்றாம் நாள் அவர் மேசையைத் தட்டி, தன் பாஷையில் அதற்கு என்ன பெயரென்று சொன்னார். "மேசா." நான் திடுக்கிட்டுப் போனேன். சப்பாத்தைக் காட்டினேன். "சப்பாத்தோஸ்." துவாயைக் காட்டினேன். "துவால்யா." அப்பா வந்ததும் வராததுமாக, அன்ரிக்குத் தமிழ் தெரியும், தெரியாததுபோல நடிக்கிறார் என்று சொன்னேன். அப்பாவின் முகம் போன போக்கைப் பார்த்தபோது, தமிழ் தெரிவதும் பயப்பட வேண்டிய விசயம்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். ஸ்பெயின்காரர் அவர்களுக்கும் போர்த்துக்கேயர் எங்களுக்கும் விட்டுப்போன சொற்கள் அவை என்று பிறகுதான் அறிந்தேன்.

நான்காம் நாள் தன் பெயரை எழுதக் கற்றுத் தந்தார். மரிசெல் ரோசாரியோ ரபொசா ரிக்காஃப்ரெந்தே. பிரெஞ்சுக்காரர் தொண்டைக்குள் தேய்க்கும் அந்த 'ர'வை அவர் எங்களைப்போல நாக்கு நுனியில் உருட்டினார். ரபொசா அவருடைய தாயின் குடும்பம். ரிக்காஃப்ரெந்தே தகப்பனின் குடும்பம். ஏன் இரண்டு குடும்பப் பெயரும் ஒரே எழுத்தில் தொடங்குகிறது என்று கேட்டேன். தன் ஊரில் எல்லாருக்கும் அந்த எழுத்துத்தான் என்றார். கசாப்புக்கடைக்காரர், பாதிரியாரின் சமையற்காரர், பாடசாலை வாத்தியார் எல்லாருமே 'ர'.

ஸ்பெயின்காரர் தங்களைப் பிடித்து ஆண்ட காலத்தில், சனங்களுக்குக் குடும்பப் பெயர் இல்லாததால் கணக்கெடுக்கவும் வரி வாங்கவும் கஷ்டமாயிருந்ததாம். அதனால் கவர்னர் ஒரு தடித்த புத்தகம் முழுக்கப் பெயர்களை எழுதுவித்து, பக்கம் பக்கமாக ஊர்களுக்கு அனுப்பினாராம். இவர்களுடைய ஊருக்கு வந்தது அந்த எழுத்துப் பக்கம். தாத்தாவுடைய தாத்தாவோ அவருக்கும் முந்தியவரோ வரிசையில் நின்று வாங்கிய பெயர் ரிக்காஃப்ரெந்தே. அதற்கு "பணக்கார நெற்றி" என்று பொருள். அதைச் சொல்லும்போது மரிசெல் அன்ரி தன் நெற்றியில் தட்டிச் சிரித்தார்.

"அதுக்கு முதல் உங்களுக்கு என்ன பெயர்?" என்று கேட்டேன்.

"தெரியாது," என்றார். "எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியாது."

மெட்ரோவில் கையுறை தொலைவதுபோல ஒரு பெயர் தொலைந்துபோகலாம் என்பதை அன்றுதான் அறிந்தேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு நாளும் காலையில் எழும்பியதும் என் பெயரை ஒருமுறை மனதுக்குள் சொல்லிப் பார்ப்பேன். ஸ்பெயின்காரர் போன கையோடு அமெரிக்கர் வந்தார்கள் என்றும், அவர்கள் பள்ளிக்கூடம் கட்டி ஆங்கிலம் படிப்பித்தார்கள் என்றும் அன்ரி சொன்னார். "அதனால்தான் எங்களால் எல்லா நாட்டிலும் வேலைக்காரியாக இருக்க முடிகிறது." அதைப் பெருமையாகச் சொன்னாரென்றே நான் எடுத்துக்கொண்டேன்.

அவரால் சும்மா இருக்க முடியாது. வீட்டிலிருந்த துணியெல்லாவற்றையும் குளியல் தொட்டியில் போட்டுக் கையால் தோய்த்தார். தோய்த்து முடித்ததும், தோய்த்தவற்றையே மறுபடி தோய்த்தார். ஆறாம் நாள் மத்தியானம் கதவு தட்டப்பட்டது.

"யாரும்மா உள்ள? கதவத் தொறங்க. எங்க வீட்டு பிளஃபோன்ல, தலைக்கு மேலேர்ந்து தண்ணி கொட்டுது!"

குரல் யாருடையது என்று எனக்குத் தெரியும். கீழ் மாடியில் தனியாக இருந்த பாண்டிச்சேரிக்காரர். நாங்கள் அவரை, பிரெஞ்சில் ஐயா என்பதுபோல, முசியே என்போம். எங்கள் நிறம்தான், தமிழ்தான் பேசுவார், ஆனால் கீழே தபால் பெட்டியில் வெள்ளைக்காரப் பெயர் எழுதியிருக்கும். வெளிநாட்டவருக்குக் கார்ட் கொடுக்கும் பிரிபெக்ச்சரில் முப்பது வருடம் வேலை செய்து ஓய்வுபெற்றவர். பிரிபெக்ச்சர், பொலிஸ், எங்களைத் திருப்பியனுப்பும் விமானம் மூன்றும் எங்கள் வீட்டுப் பேச்சில் ஒன்றுதான்.

மரிசெல் அன்ரி அலுமாரிக்குள் புகுந்து கதவை இழுத்துக்கொண்டார். நான் நடு அறையில் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றேன்.

"தொறக்கலேன்னா பொம்பியேக்குப் போன் பண்ண வேண்டியதுதான்," என்றது குரல்.

பொம்பியே என்றால் தீயணைப்புக்காரர். அவர்களும் சீருடைதான். கோடரியால் கதவை உடைப்பதை நான் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறேன். ஒரு பக்கம் அப்பாவின் சட்டம், மறுபக்கம் கோடரி. திறந்துவிட்டேன்.

அவர் நேரே குளியலறைக்குப் போய்க் குழாயை இறுக்கினார். தொட்டியில் எங்கள் வீட்டின் மூன்று படுக்கைவிரிப்புகளும் முறுக்கிப் பிழிந்து கிடந்தன.

"இதையெல்லாம் தோய்ச்சது யாரு பாப்பா?"

"நான்தான்."

அவர் விரிப்புகளைப் பார்த்தார். என் கைகளைப் பார்த்தார். "ரொம்பப் பலசாலிதான்," என்றார். பிறகு கதிரையை இழுத்துப் போட்டு, அலுமாரிக்கு எதிரேயே உட்கார்ந்தார். சட்டைப் பையிலிருந்து ஒரு சின்னக் கொப்பியையும் பேனாவையும் எடுத்தார்.

"அவங்க பேரு என்ன?"

கொழும்பு மலாய்க்காரர் என் தொண்டைவரை வந்தார்கள்; வாயைத் திறந்ததும் ஓடிவிட்டார்கள். அவர் காத்துக்கொண்டிருந்தார். பேனா தாளில் முட்டிக்கொண்டு நின்றது. சொல்லாவிட்டால் இவர் எழும்பி அலுமாரியைத் திறப்பார் என்று நினைத்தேன். சொல்லிவிட்டேன். நான்கு பகுதிகளையும் சொன்னேன். அவர் பிழையாக எழுதத் தொடங்கியபோது பொறுக்காமல், எழுத்தெழுத்தாகவும் சொல்லிக் கொடுத்தேன்.

"பாஸ்போர் கையில வச்சிருக்காங்களா?"

"இல்லை. முதலாளி வைச்சிருக்கிறார்."

"எந்தத் தேசம்?"

"பிலிப்பீன்."

எல்லாவற்றையும் எழுதினார். கொப்பியை மூடிப் பையில் வைத்தார். "கதவச் சாத்திக்க," என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

அலுமாரிக் கதவு மெதுவாகத் திறந்தது. தன் பெயர் ஒவ்வொரு எழுத்தாகப் போவதை அவர் உள்ளே நின்று கேட்டிருக்கிறார். என்னை ஏசவில்லை. என் தலையில் கைவைத்துவிட்டு, ஒரு பிளாஸ்டிக் பையை எடுத்துத் தன் சாமான்களை வைக்கத் தொடங்கினார். வைக்கப் பெரிதாக ஒன்றும் இல்லை. அந்தப் பை நிரம்பாததைப் பார்த்ததும் நான் குழறி அழுதேன்.

அப்பாவும் அம்மாவும் நான்கு மணிக்குள் வந்துவிட்டார்கள். நான் விக்கி விக்கிச் சொல்லி முடிப்பதற்கிடையில் அப்பா யன்னல் திரையை இழுத்து மூடினார். அம்மாவோடு வேலை செய்யும் ஒரு பெண் பாரிஸுக்கு வெளியே, சென் தெனி நகரில் இருந்தார். அவர் வீட்டுக்கு உடனே கொண்டுபோய் விடுவதென்று முடிவாயிற்று.

"பிள்ளையையும் கூட்டிக்கொண்டு போங்கோ," என்றார் அம்மா. "இஞ்சை பணக்கார வீட்டுப் பிள்ளையளை இவையின்ரை நாட்டுப் பொம்பிளையள்தானே பார்க்கினம். பிள்ளையின்ரை கையைப் பிடிச்சுக்கொண்டு போனால் நுனு எண்டு நினைச்சு மறிக்க மாட்டாங்கள்."

நுனு என்றால் பிள்ளை பார்க்கும் பெண். எனக்கு நல்ல சட்டை போட்டு, தலை வாரி இழுத்து, பணக்கார வீட்டுப் பிள்ளையாக்கினார்கள். அப்பா பத்து அடி பின்னால் வருவார். நான் திரும்பிப் பார்க்கப்படாது. அவரைத் தெரிந்தமாதிரிக் காட்டப்படாது. "விளங்குதே, பிள்ளை? என்ன நடந்தாலும்," என்றார் அப்பா.

கார் து நோர் ரயில் நிலையத்துக்கு நடந்து போனோம். நான் நாளாந்தம் பார்க்கும் தெருதான். அன்றைக்கு இளநீர் விற்றவரும், தொலைபேசிக் கார்ட் விற்றவரும், கோவில் நோட்டீஸ் கொடுத்தவரும் எங்களையே பார்ப்பதுபோலிருந்தது. மரிசெல் அன்ரியின் உள்ளங்கை வியர்த்து என் கை நழுவிக்கொண்டே இருந்தது. இறங்குபடி முடிந்து திரும்பியதும், தடுப்புக் கதவுகளுக்கு முன்னால் நான்கு பொலிஸ்காரர் நின்றார்கள்.

அன்ரி நடையை நிறுத்தவில்லை. என் கையை மட்டும் இறுக்கினார். ஒரு பொலிஸ்காரர் எங்களைப் பார்த்தார், வழி விட்டார். கடந்து போய்விட்டோம். இன்னும் நான்கு அடி வைத்திருந்தால் எல்லாம் சரியாகப் போயிருக்கும். பின்னால், "ஐயா, காகிதங்களைக் காட்டுங்கள்," என்று கேட்டது. நான் திரும்பிப் பார்த்துவிட்டேன்.

சுவரோரம் அப்பா நின்றார். அந்தத் துண்டுக் காகிதத்தை விரித்து நீட்டிக்கொண்டிருந்தார். இவ்வளவு சின்ன மனிதராக அவரை நான் அதற்கு முன் கண்டதில்லை. நான் பார்த்ததை ஒரு பொலிஸ்காரி கண்டுவிட்டார். என்னிடம் வந்து குனிந்தார். அவரிடம் நல்ல வாசனைத் தைல மணம்.

"அந்த மனிதரைத் தெரியுமா? உன் அப்பாவா?" என்று பிரெஞ்சில் கேட்டார்.

"இல்லை," என்றேன்.

"நிச்சயமாகவா?"

"அவர் யாரென்று எனக்குத் தெரியாது. இது என் நுனு. நாங்கள் வீட்டுக்குப் போகிறோம்."

என் பிரெஞ்சு சுத்தமான பாரிஸ் பிரெஞ்சு. அதில் ஒரு தடுமாற்றமும் இருக்கவில்லை. அப்பாவுக்கு அது கேட்கும் தூரம்தான். அவர் நிமிரவில்லை.

ரயிலில் ஏறினோம். அப்பா வரவில்லை. சென் தெனியில் இறங்கி, சொன்னபடி மேடையிலிருந்த வாங்கில் உட்கார்ந்தோம். ஒரு ரயில் வந்தது; அப்பா இல்லை. இன்னொன்று வந்தது, இல்லை. ஐந்தாவது ரயிலோடு எண்ணுவதை விட்டுவிட்டேன். நான் வாயால் சொன்னது உண்மையாகிவிட்டது என்று பயந்தேன். யாரென்று தெரியாது என்று சொல்லிவிட்டேன். இனி அந்த மனிதர் ஒருவருக்கும் அப்பா இல்லை. அவரை என்னவும் செய்யலாம். அதே நாளில்தான் அன்ரியின் பெயரையும் கொடுத்திருக்கிறேன். என் வாயிலிருந்து எது வந்தாலும் யாராவது பிடிபடுகிறார்கள். வாயை இரண்டு கைகளாலும் பொத்திக்கொண்டேன்.

மரிசெல் அன்ரி என் கைகளை எடுத்துவிட்டார். தன் தாத்தாவுடைய அப்பாவின் கதையைச் சொன்னார். அமெரிக்கர் வந்தபோது ஊரவர்கள் அவர்களை எதிர்த்துச் சண்டை பிடித்துக்கொண்டு மலைக்குப் போய்விட்டார்கள். ஒரு நாள் சிப்பாய்கள் தாத்தாவுடைய அப்பாவைப் பிடித்தார்கள். தரையில் மல்லாக்கப் படுக்கவைத்து, கைகால்களை நாலு பேர் மிதித்துக்கொண்டு, வாய்க்குள் குழலை வைத்து வாளி வாளியாகத் தண்ணீர் ஊற்றினார்கள். வயிறு வீங்கியதும் மேலே ஏறி அமத்துவார்கள். தண்ணீர் வெளியே வரும். மறுபடி ஊற்றுவார்கள். கேட்டது ஒன்றே ஒன்றுதான்: மலையில் இருப்பவர்களின் பெயர்.

"அவர் சொன்னவரோ?"

"எங்கள் வீட்டில் எல்லாரும் சொல்லவில்லை என்றுதான் கதைப்பார்கள். ஊரில் ஒவ்வொரு வீட்டிலும் அப்படித்தான் கதைப்பார்கள். ஆனால் அவர் ஒரு பெயர் சொன்னார். தன் தம்பியின் பெயர். பிறகு தனக்கு மகன் பிறந்தபோது அவனுக்கு அந்தப் பெயரையே வைத்தார். சாகும்வரை ஒரு நாளைக்குப் பத்துத் தடவை அந்தப் பெயரைக் கூப்பிட்டார். அந்த மகன்தான் என் தாத்தா." என் முகத்தைத் தன் பக்கம் திருப்பினார். "அவர் பெரிய மனிதர். நீ சின்னப் பிள்ளை."

"தம்பிக்கு என்ன நடந்தது?"

அவர் பொய் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. "பிடித்துவிட்டார்கள்," என்றார்.

ஆறுதலுக்காகச் சொன்ன கதை. அதிலிருந்து நான் எடுத்துக்கொண்டது தண்ணீரை மட்டும்தான். மேடையே அதிர அழுதேன். அதற்குப் பிறகு அந்தக் கோடை முழுவதும் குளியல் தொட்டியில் படுக்க மறுத்து, நின்றபடி குளித்து, அம்மாவிடம் ஏச்சு வாங்கினேன்.

ஒரு மணித்தியாலம் கழித்து வந்த ரயிலிலிருந்து அப்பா இறங்கினார். துண்டுக் காகிதத்தைப் பரிசோதித்து, எங்கோ தொலைபேசியில் கேட்டு, விட்டுவிட்டார்களாம். அன்ரியை அந்தப் பெண்ணிடம் ஒப்படைத்தோம். பிரியும்போது அவர் அப்பாவிடம் ஆங்கிலத்தில் ஏதோ சொன்னார். அப்பா தலையாட்டினார். திரும்பி வரும் வழி முழுவதும் என் தலையைத் தடவிக்கொண்டே வந்தார். "கெட்டிக்காரி," என்றார் இரண்டு தடவை.

நாங்கள் வீட்டுக்கு வந்து கால்மணித்தியாலம் ஆகவில்லை, மீண்டும் கதவு தட்டப்பட்டது. வெளியே நல்ல வெயில் வெளிச்சம் இருந்தது. அம்மா என்னைத் தன் பின்னால் இழுத்தார். அப்பாதான் திறந்தார். முசியே நின்றார். கையில் ஒரு நீள உறை.

"அந்தப் பொண்ணு எங்க?" என்று கேட்டார். அம்மா அப்பாவைப் பார்த்தார். "சரி, சொல்ல வேணாம். இத அவங்ககிட்ட குடுத்துடுங்க. அவங்க நாட்டு அம்பாசாதுக்கு, தூதரகத்துக்கு எழுதியிருக்கேன். பாஸ்போர முதலாளி பிடிச்சு வச்சிருக்கான், புதுசு வேணும்னு. இவங்க கையெழுத்துப் போட்டா போதும்." எங்கள் முகங்களைப் பார்த்துவிட்டு இன்னும் சொன்னார்: "ஆறு நாளா குழாய் வழியா ஜெபமாலை சொல்றது கேக்குது. இந்த வீட்டுல கிறிஸ்தவங்க யாருமில்லியே. முப்பது வருஷம் கிஷேல, கவுன்டர் ஜன்னல்ல உக்காந்து இந்த மாதிரி எத்தனை பொண்ணுங்களப் பாத்திருக்கேன்."

அப்பா உறையை வாங்கினார்.

"பேரு மட்டும் சரியான்னு பாத்துக்குங்க," என்றார் முசியே. "ஒரு எழுத்துத் தப்பினாலும் கடுதாசி திரும்பி வந்துடும். எங்க தாத்தாவோட அப்பா புதுச்சேரியில ரெஜிஸ்தர்ல கையெழுத்துப் போட்டு பிரான்சேப் பேரு எடுத்துக்கிட்டப்போ குமாஸ்தா ஒரு எழுத்த விட்டுட்டான். இன்னி வரைக்கும் நாங்க அந்தத் தப்போடதான் இருக்கோம். உங்க பாப்பா நல்லா எழுத்துக்கூட்டிச் சொல்லுச்சு."

அந்தக் கடிதத்தால்தான் மரிசெல் அன்ரிக்குப் பாஸ்போர்ட் கிடைத்தது. காகிதங்கள் எல்லாம் சரிவர இன்னும் ஒன்பது வருடம் எடுத்தது. இப்போது சென் தெனியிலேயே இருக்கிறார். என் கலியாணத்துக்குச் சேலை உடுத்து வந்தார். தாத்தாவுடைய அப்பாவின் கதையை அன்று மீண்டும் கேட்டுத்தான், சின்ன வயதில் விளங்காததை விளங்கிக்கொண்டேன்.

ஆனால் அந்தப் பின்னேரத்தில் நடந்த இன்னொன்றைப் பற்றி என்னால் யாரிடமும் கேட்க முடியவில்லை. முசியே போன பிறகு அப்பா வேலைக்குப் போகவில்லை. மேசையடியில் உட்கார்ந்து கடிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த நான்கு பகுதிப் பெயரின் கீழே விரலை வைத்து, பள்ளிக்கூடப் பிள்ளைபோல உதட்டை அசைத்து வாசித்தார். பிறகு என்னைக் கிட்டக் கூப்பிட்டார். குனிந்து, என் காதுக்குள் ஒரு பெயரைச் சொன்னார். அம்மா குசினியில் சட்டி கழுவுவதை நிறுத்தினார்.

நான் கேள்விப்படாத ஒரு பெயர். அதில் ஒரு முருகன் பெயர் இருந்தது, ஓர் ஊர்ப் பெயர் இருந்தது. எனக்குக் காது கூசியது. சிரித்தேன்.

அப்பா பிரான்சுக்கு இன்னொருவரின் காகிதத்தில்தான் வந்து இறங்கினார் என்பதும், கடைசிவரை எல்லாக் கார்டுகளிலும் இருந்தது அந்த மனிதரின் பெயர்தான் என்பதும், பள்ளிக்கூடத்தில் என் பெயருக்குப் பின்னால் நான் எழுதியதும் அதுவேதான் என்பதும் எனக்குப் பத்தொன்பது வயதில்தான் தெரியவந்தது. அப்போது அப்பா உயிரோடு இல்லை. என் காதுக்குள் தன் சொந்தப் பெயரைச் சொல்லிவிட்டு அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது மட்டும் நினைவிருக்கிறது.

"அது ஆர், அப்பா?" என்று கேட்டேன்.

"ஒருத்தரும் இல்லை," என்றார் அப்பா. "போய்ச் சாப்பிடு."

நான் போய்ச் சாப்பிட்டேன்.